பதினான்கு பேர் நடந்த புல்வெளி

கொடைக்கானல் மேல்மலையில் ஒரு புல்வெளி இருக்கிறது. அதன் பெயரையும் போகும் வழியையும் இங்கே எழுதப் போவதில்லை. ஒரு முறை எழுதி, அதனால் வந்ததை என் கண்ணாலேயே பார்த்துவிட்டேன். 2012 டிசம்பரில் அந்த மலைக் கிராமத்துப் பெரியவர் ஒருவர் என்னை அங்கே அழைத்துச் சென்றார். காலை ஏழு மணி. உறைபனி புல் நுனிகளில் உப்புப் போலப் படிந்திருந்தது. மேட்டில் நின்று பார்த்தால் சரிவு முழுக்கப் புல். இரண்டு சரிவுகள் கூடும் மடிப்பில் மட்டும் கரும்பச்சையாகச் சோலை. சோலையின் காலடியில் ஒரு சுனை, அதிலிருந்து கை அகலத்துக்கு ஓர் ஓடை. பெரியவர் முன்னால் நடந்தார். மாடுகள் போய்ப் போய் விழுந்த ஒற்றைத் தடம் அது. படம் எடுப்பதற்காக நான் தடத்தை விட்டு நான்கடி புல்லில் இறங்கியபோது அவர் திரும்பிப் பார்த்து, "தம்பி, மாட்டுத் தடத்திலேயே வாருங்கள். புல்லில் இறங்க வேண்டாம்" என்றார். பாம்புக்காகச் சொல்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். ஏன் என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

மறு வருடம் நண்பர்களோடு போனேன். என்னையும் சேர்த்துப் பதினான்கு பேர். எல்லோரும் காட்டை நேசிக்கிறவர்கள்; கண்ட இடத்தில் குப்பை போடுகிறவர்களோ பாட்டுப் போட்டுக்கொண்டு ஆடுகிறவர்களோ ஒருவர்கூட இல்லை. யாரோ விட்டுப்போன இரண்டு பிஸ்கட் உறைகளையும் எடுத்துப் பைக்குள் வைத்துக்கொண்டோம். மேட்டின் அடியில் நின்று நான்தான் சொன்னேன்: "ஒருவர் பின் ஒருவராகப் போனால் தடம் ஆழமாகிவிடும். பரவி நடப்போம், புல்லுக்குப் பாரம் குறையும்." சொன்னபோது எனக்கு அதில் துளியும் சந்தேகம் இல்லை. பதினான்கு பேரும் சரிவு முழுக்கப் பரவி, ஆளுக்கொரு வழியாக மேலே ஏறினோம். அன்று எடுத்த படங்களை இணையத்தில் போட்டேன், பயணக் குறிப்பும் எழுதினேன். எங்கே இறங்க வேண்டும், எந்த வளைவிலிருந்து ஏற வேண்டும் என்று கேட்டவர்களுக்கெல்லாம் பொறுமையாகப் பதில் சொன்னேன். கேட்டவர்களும் எங்களைப் போன்றவர்கள்தாம். நாலு பேர், ஆறு பேர் என்று சின்னச் சின்னக் குழுக்களாகப் போய் வந்தார்கள்.

2019இல் திரும்பப் போனேன். குப்பை இருக்கும் என்று எதிர்பார்த்து இரண்டு சாக்குப் பைகளும் கொண்டு போயிருந்தேன். குப்பை அதிகம் இல்லை. ஒரு சாக்கின் அடி நிறையும் அளவுகூடத் தேறவில்லை. ஆனால் சரிவில், பழைய மாட்டுத் தடம் போக, ஏழு தடங்கள் இருந்தன. சாலையின் ஒரே இடத்தில் தொடங்கி, விரித்த கை விரல்களைப் போலப் பிரிந்து, உச்சியில் படம் எடுக்கும் பாறைக்குப் பக்கத்தில் மறுபடி ஒன்றுகூடின. நடுத் தடம் முழங்கால் ஆழத்துக்குப் போயிருந்தது. அதன் இருபுறமும் புல்வேர்கள் அறுந்த நார் போலத் தொங்கின. அடியில் செம்மண்ணும் சரளைக் கல்லும். மழை பெய்தால் அது பாதையாக இல்லாமல் வாய்க்காலாகவே ஓடுகிறது என்பது பார்த்தவுடனே தெரிந்தது. சுனையின் ஒரு பக்கம் மண் மேடிட்டிருந்தது. பஸ்ஸில் திரும்பும்போது என் மனம் உடனே ஒரு காரணத்தைப் பிடித்துக்கொண்டது: முந்தைய ஆண்டு குறிஞ்சி பூத்தபோது வந்த கூட்டம். பன்னிரண்டு வருடத்துக்கு ஒரு முறை பூக்கும் பூவைப் பார்க்க 2018இல் மேற்கு மலைத்தொடருக்கு எத்தனை பேர் வந்தார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும். அந்தக் கூட்டம்தான் இதைச் செய்தது என்று முடிவு கட்டினேன். ஆனாலும் அந்த முடிவு எனக்குள் சரியாக உட்காரவே இல்லை. அந்தச் சரிவில் குறிஞ்சிப் புதர் ஒன்றுகூடக் கிடையாது.

கோக்கர்ஸ் வாக்கில் ஒரு மாலை

கூட்டத்தின் மீது எனக்கு நெடுநாளாக ஒரு கசப்பு இருந்தது. தூண் பாறையில் வண்டிகள் வரிசை கட்டி நிற்பதையும், பைன் காட்டில் குதிரைச் சவாரிக்குப் பேரம் நடப்பதையும் பார்க்கிறபோதெல்லாம், மலைக்கு வந்து மலையைப் பார்க்கத் தெரியாதவர்கள் என்று மனதுக்குள் சொல்லிக்கொள்வேன். கம்பி வேலி, சிமெண்டுப் பாதை, நுழைவுச் சீட்டு, 'இதைத் தாண்டிச் செல்லக் கூடாது' என்ற பலகை, இவை எல்லாமே மலையைக் கெடுக்க வந்தவை என்றுதான் நம்பினேன். உண்மையான மலை என்பது பலகை இல்லாத இடத்தில் தொடங்குகிறது என்பது என் எண்ணம்.

அந்த 2019 பயணத்தில், பஸ்ஸுக்கு நேரம் இருந்ததால் கோக்கர்ஸ் வாக்கில் போய் உட்கார்ந்தேன். 1872இல் கோக்கர் என்ற ராணுவ அதிகாரி மலை விளிம்பில் வெட்டிய நடைபாதை அது. ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் நீளம். ஒரு பக்கம் மேடு, மறுபக்கம் கம்பி, கம்பிக்கு அப்பால் அதல பாதாளம். தேனி மாவட்டத்துப் பக்கத்திலிருந்து வந்த ஒரு குடும்பம் எனக்கு அடுத்த பெஞ்சில் இருந்தது. சேலை முந்தானையைத் தலையில் போர்த்திய ஒரு பாட்டி, கையில் சுட்ட சோளக் கதிர், பற்கள் இல்லாததால் மணிகளை விரலால் உதிர்த்து உதிர்த்துப் பேத்திக்குக் கொடுத்துக்கொண்டிருந்தார். கீழே இருந்து மேகம் ஏறி வந்து கம்பியைத் தாண்டி எங்கள் மேலேயே பட்டபோது, கதிரை மடியில் வைத்துவிட்டு இரண்டு கைகளையும் கூப்பினார். எதிரே இருந்தது மேகம்தான், கோயில் இல்லை. அவருக்கு மலையைப் பார்க்கத் தெரியாது என்று சொல்லும் தகுதி எனக்கு இல்லை என்பது அந்த நிமிடத்தில் உறைத்தது. கம்பிக்கு வெளியே எட்டிப் பார்த்தேன். ஏறக்குறைய நூற்றைம்பது ஆண்டுகளாக லட்சக்கணக்கான பேர் நடந்த பாதை. அதற்கு நாலடி கீழே, சரிவில் பெரணியும் பாசியும் புதரும் ஒருவர் கால்கூடப் படாமல் நின்றன. நான் ஆறு வருடம் பொத்திப் பொத்தி நேசித்த புல்வெளியோ கிழிந்து கிடந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க அன்று எனக்குத் துணிவில்லை. எழுந்து பஸ் ஏறிவிட்டேன்.

அரை பாட்டில் தண்ணீர்

2020இல் ஊரடங்கு வந்தது. மாதக் கணக்கில் மலைக்கு வெளியூர்க்காரர் யாரும் வரவில்லை. நல்லது, புல்வெளிக்கு ஓய்வு கிடைத்தது, ஆள் வராவிட்டால் நிலம் தன்னைத் தானே ஆற்றிக்கொள்ளும் என்று நிம்மதியாக இருந்தேன். 2022 ஜூனில் போனபோது சாலையோரத்தில் இறங்கியதுமே தெரிந்துவிட்டது. ஏழு தடங்களும் அப்படியே இருந்தன. நடுத் தடம் முழங்காலிலிருந்து தொடை வரை ஆழமாகியிருந்தது. ஆள் வராத காலத்திலும் மழை வந்திருக்கிறது அல்லவா? நாங்கள் தொடங்கி வைத்ததை மழை தொடர்ந்து செய்திருக்கிறது.

அங்கே ஓர் இளைஞர் கடப்பாரையோடு கல் பதித்துக்கொண்டிருந்தார். பெரியவரின் பேரன். பெரியவர் இறந்து இரண்டு வருடம் ஆகிறது என்றார். கீழே அவர்களுடைய பூண்டுக் காட்டுக்குள் இந்தத் தடங்கள் வழியாக மண் வந்து இறங்குகிறது. அதைத் தடுக்கத்தான் வேலை செய்துகொண்டிருந்தார். யானை முட்டி அளவுள்ள கற்களைத் தடத்தின் குறுக்கே, நேராக வைக்காமல் சாய்வாக, ஒரு முனை மேலேயும் ஒரு முனை கீழேயும் இருக்கும்படி பதித்திருந்தார். முக்கால் கல் மண்ணுக்குள், கால் கல் வெளியே. கீழ்முனை புல்லுக்குள் திறந்திருந்தது. "பூண்டுக் காட்டில் வாய்க்கால் எடுப்பது போலத்தான் அண்ணா. தண்ணீரை நிறுத்தக் கூடாது, நிறுத்தினால் கல்லைப் பெயர்த்துக்கொண்டு போகும். மெதுவாகப் பக்கத்தில் திருப்பிவிட வேண்டும்" என்றார்.

நான் அவரிடம் மறைக்கவில்லை. உங்கள் தாத்தா காட்டிய இடத்தை ஊருக்கெல்லாம் சொன்னவன் நான்தான், ஆனால் நாங்கள் நல்லவிதமாகத்தான் வந்துபோனோம், குப்பைகூடப் போடவில்லை, ஒரே தடத்தில் பாரம் விழக் கூடாது என்று பரவித்தான் நடந்தோம் என்றேன். அவர் கோபப்படவில்லை. என் கையிலிருந்த தண்ணீர் பாட்டிலைக் கேட்டு வாங்கினார். முதலில், யாரும் நடக்காத புல்லைக் கையால் விலக்கி, அதன் அடியில் கொஞ்சம் ஊற்றினார். தண்ணீர் ஓடவே இல்லை. ஊற்றிய இடத்திலேயே மறைந்தது. அங்கே ஒரு குச்சியைக் குத்தினார். ஒரு சாண் அளவு எளிதாக இறங்கியது. அடுத்து, தடங்களிலேயே மிக இலேசான ஒன்றுக்குப் போனார். ஏழாவது தடம், மண் வாரவில்லை, புல் மட்டும் மெலிந்து ஒரு கோடு போலத் தெரிந்தது. அதில் அதே அளவு ஊற்றினார். தண்ணீர் ஒரு நொடி தயங்கி, முத்து முத்தாகத் திரண்டு, சரிவில் ஓடத் தொடங்கியது. எங்கள் காலடியைத் தாண்டி இரண்டு முழம் போயிற்று. குச்சி விரற்கடை அளவுக்கு மேல் இறங்கவில்லை. அவர் பாட்டிலைத் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சொன்னார்: "இங்கே ரொம்பப் பேர் நடக்கவில்லை அண்ணா. ஆரம்பத்தில் கொஞ்சம் பேர்தான் நடந்தார்கள். அவ்வளவே போதும். அதற்குப் பிறகு யாரும் வராவிட்டாலும் மழை பார்த்துக்கொள்ளும்."

பத்து வருடத்துக்கு முன் அவருடைய தாத்தா சொன்ன "புல்லில் இறங்க வேண்டாம்" என்பதற்கு அன்றுதான் எனக்கு அர்த்தம் கிடைத்தது. மாட்டுத் தடம் ஏற்கெனவே இறுகிப்போனது. அதில் இன்னும் நூறு பேர் நடந்தாலும் புதிதாகக் கெடுவதற்கு அங்கே அதிகம் ஒன்றுமில்லை. அந்த ஒரு தடத்தில் பதினான்கு பேரும் வரிசையாகப் போயிருந்தால் அன்று புல்வெளிக்கு ஒன்றும் ஆகியிருக்காது.

இருபத்தைந்து நடை, ஐந்நூறு நடை

ஊர் திரும்பியதும் இதைப் பற்றிப் படிக்கத் தொடங்கினேன். அந்த இளைஞர் அரை பாட்டில் தண்ணீரில் காட்டியதை அமெரிக்காவில் டேவிட் கோல் என்ற சூழலியல் அறிஞர் பல ஆண்டுகள் அளந்து பார்த்திருக்கிறார். செய்முறை மிக எளிது. யாரும் நடக்காத இடத்தில் அரை மீட்டர் அகலம், ஒன்றரை மீட்டர் நீளத்துக்குச் சின்னச் சின்னப் பட்டைகள். ஒன்றில் 25 முறை நடப்பார்கள், அடுத்ததில் 75 முறை, அதற்கடுத்ததில் 200, கடைசியில் 500. பக்கத்திலேயே ஒருவரும் நடக்காத பட்டை ஒன்று. இரண்டு வாரம் கழித்து அளவு, ஒரு வருடம் கழித்து மறுபடி அளவு. நடப்பவர்கள் இரட்டிப்பானால் சேதமும் இரட்டிப்பாகும் என்றுதான் நாம் எண்ணுவோம். பெரும்பாலான இடங்களில் அப்படி நடப்பதில்லை. தொடக்கத்து நடைகளிலேயே சேதம் மளமளவென்று ஏறிவிடுகிறது. அதற்குப் பிறகு ஆள் கூடக் கூட, ஏற்றம் மந்தமாகிவிடுகிறது. தாவரத்துக்குத் தாவரம் இது மாறும். பெரணியும் மென்தண்டுச் செடிகளும் உடனே மடியும், புல் கொஞ்சம் தாங்கும். ஆனால் ஈர மண்ணும் செங்குத்துச் சரிவும் சேர்ந்தால், புல்லின் பொறுமைக்கும் எல்லை உண்டு. நம் மேல்மலை இரண்டும் சேர்ந்த இடம்.

'தாங்குதிறன்' என்ற சொல் நம் செய்தித்தாள்களில் இப்போது அடிக்கடி வருகிறது. ஒரு மலை எத்தனை பேரைத் தாங்கும் என்ற கேள்வி. இந்தச் சொல் மேய்ச்சல் நில மேலாண்மையிலிருந்து சுற்றுலாவுக்கு வந்தது என்பது எனக்குப் புதிய செய்தி. ஒரு புல்வெளி எத்தனை மாட்டுக்குத் தீனி போடும் என்ற கணக்கை மனிதர்களுக்கும் போட்டுப் பார்க்க முயன்றவர்களில் முக்கியமானவர் ஆலன் வாகர். 1964இல் வந்த அவருடைய ஆய்வு, மாட்டுக்குப் போடுகிற மாதிரி மனிதருக்கு ஒற்றை எண் போட முடியாது என்ற இடத்தில்தான் போய் நிற்கிறது. நாம் அந்த நிலத்தை எதற்காக வைத்திருக்கிறோம் என்பதைப் பொறுத்து எண் மாறும். 1985இல் அமெரிக்க வனத்துறையைச் சேர்ந்த ஆய்வாளர்கள், கோல் உட்பட, கேள்வியையே திருப்பிப் போட்டார்கள்: எத்தனை பேர் வரலாம் என்று தொடங்காமல், இங்கே எந்த அளவு மாற்றத்தை நாம் ஒப்புக்கொள்வோம் என்று முதலில் முடிவு செய், அந்த அளவைத் தாண்டுகிறதா என்று ஆண்டுதோறும் அளந்து பார், தாண்டினால் என்ன செய்வது என்பதை முன்பே எழுதி வை. என் புல்வெளிக்கு யாராவது 2012இல் அப்படி எழுதியிருந்தால், இரண்டாவது தடம் விழுந்த அன்றே மணி அடித்திருக்கும்.

நான் சொன்ன 'பரவி நடப்போம்' என்பது முழுத் தவறும் அல்ல என்பதையும் சொல்லிவிட வேண்டும். தடமே இல்லாத, இனி யாரும் வரவே மாட்டார்கள் என்கிற நிலத்தில் பரவி நடப்பதுதான் சரி. ஒரே இடத்தில் இரண்டாவது கால் விழாதவரை புல் நிமிர்ந்துவிடும். ஆனால் படம் எடுத்து, வழி எழுதி, பின்னால் நூறு பேரை வரவழைக்கப் போகிறவன் அதைச் சொல்லக் கூடாது. நான் செய்தது அதுதான். ஆளுக்கொரு கோடு கிழித்துக் கொடுத்தோம், பின்னால் வந்தவர்கள் தங்களுக்குப் பிடித்த கோட்டைத் தேர்ந்தெடுத்துக்கொண்டார்கள்.

இந்த அறிவு நமக்குப் புதிதல்ல என்பதற்குப் பழனியைப் பார்த்தாலே போதும். செங்குத்தாக ஏற முடிந்தவர்களுக்குப் படிப்பாதை, மெல்ல ஏறுகிறவர்களுக்குச் சுற்றிச் சுற்றிப் போகும் யானைப்பாதை. இரண்டு வழிகள், இரண்டு விதமான கால்கள், மலையின் மீதிப் பரப்பு மலைக்கே. வெள்ளியங்கிரியில் ஏறும்போதும் இதையே இப்போது வேறு கண்ணால் பார்க்கிறேன். ஏழு மலை, பிப்ரவரி முதல் மே வரை இரவும் பகலும் மூங்கில் தடியோடு ஆயிரக்கணக்கானவர்கள். ஆனாலும் எல்லோரும் ஒரே வழியில். அடிவாரத்தில் பையைச் சோதித்துப் பிளாஸ்டிக்கை வாங்கி வைக்கிறார்கள். மலை அங்கே எங்கே நோகிறது என்று கவனித்தேன். பாதை வளைகிற இடங்களில், வளைவைச் சுற்ற மனமில்லாதவர்கள் நேராக இறங்கும் குறுக்கு வழிகளில்தான். வேர்கள் எலும்பு போல வெளியே நிற்கின்றன. நேர்ச்சரிவில் விழுந்த தடத்தில் தண்ணீரை எந்தக் கல்லும் திருப்ப முடியாது, பக்கவாட்டில் போக அதற்கு வழியே இல்லை. பாதை வளைந்து போவது காலுக்காக மட்டும் அல்ல, தண்ணீருக்காகவும்தான்.

வண்டிகளை எண்ணுவதற்கு அப்பால்

சென்னை உயர் நீதிமன்றத்தின் உத்தரவால் 2024 மே 7 முதல் கொடைக்கானலுக்கும் நீலகிரிக்கும் இ-பாஸ் வந்தது. 2025 ஏப்ரல் 1 முதல் வண்டிகளுக்கு உச்சவரம்பும் வந்தது: கொடைக்கானலுக்கு வார நாள்களில் 4,000, வார இறுதியில் 6,000, நீலகிரிக்கு 6,000, 8,000. உள்ளூர் வண்டிகளுக்கும் அரசு பஸ்களுக்கும் விலக்கு. கடை வைத்திருப்பவர்களும் விடுதிக்காரர்களும் எதிர்த்தார்கள். அவர்கள் பிழைப்பு அது, எதிர்க்கத்தான் செய்வார்கள். நான் இந்த வரம்பை ஆதரிக்கிறேன். மலைச்சாலைகளுக்கு ஓர் அளவு இருக்கிறது, தண்ணீருக்கு ஓர் அளவு இருக்கிறது. பஸ்ஸில் வருகிற பாட்டிக்குத் தடையில்லை, காரில் தனியாக வருகிறவருக்கு வரம்பு என்பதும் எனக்கு நியாயமாகவே படுகிறது.

என் கவலை வேறு. சோதனைச் சாவடியைத் தாண்டிய பிறகு அந்த வண்டி எங்கே போகிறது? ஏரிக்கும் பிரையண்ட் பூங்காவுக்கும் தூண் பாறைக்கும் போனால் நெரிசல் இருக்கும், எரிச்சல் இருக்கும், ஆனால் அவை ஏற்கெனவே கால்களுக்காகத் தயாரான இடங்கள். ஏரியே 1863இல் மனிதர் கட்டியதுதான். கூட்டம் பிடிக்காமல், 'யாரும் அறியாத இடம்' என்று தேடி மேல்மலைக்கு வருகிற பத்து வண்டிகள்தான் என் தூக்கத்தைக் கெடுக்கின்றன. இரகசிய அருவி, மறைந்திருக்கும் பள்ளத்தாக்கு என்று தினமும் ஒரு காணொளி வருகிறது. எடுப்பவர்கள் கெட்டவர்கள் அல்லர். நானும் அப்படித்தான் எழுதினேன். ஊர்க்காரர்களும், அதிகாரிகள் சிலரும்கூட, 'கூட்டத்தைப் பிரிக்கப் புதிய தலங்களைத் திறந்துவிட வேண்டும்' என்று பேசுகிறபோது அந்தச் சரிவில் நின்று நான் பேசிய அதே வார்த்தைகள் காதில் விழுகின்றன. பரவுவோம், பாரம் குறையும். குறையாது. கோக்கர்ஸ் வாக்கில் நூறு பேர் கூடுவதால் ஆகாத சேதம், புதிய சரிவு ஒன்றில் பத்துப் பேர் ஏறினால் ஆகிவிடும்.

மூணாற்றுக்குப் பக்கத்தில் இரவிகுளம் தேசியப் பூங்காவில் இதைச் சரியாகச் செய்திருப்பதாக எனக்குத் தோன்றுகிறது. பூங்காவின் பரப்பு 97 சதுர கிலோமீட்டர். பொதுமக்களுக்குத் திறந்திருப்பது ராஜமலைப் பகுதி மட்டும். நம் வண்டியை வெளியே விட்டுவிட்டு வனத்துறை பஸ்ஸில்தான் போக வேண்டும். இறங்கினால் நடக்க ஒரே சாலை. பிப்ரவரி, மார்ச் வாக்கில் வரையாடு குட்டி போடும் காலத்தில் அதையும் மூடிவிடுகிறார்கள். முன்பு அங்கே போனபோது, இவ்வளவு பெரிய மலையில் இந்தத் துண்டுச் சாலைதானா என்று சலித்துக்கொண்டவன் நான். சாலையில் முந்நூறு பேர் நிற்க, கைக்கெட்டும் தூரத்தில் ஒரு பெட்டை வரையாடு புல் மேய்ந்துகொண்டிருந்தது. மனிதர் எந்தக் கோட்டைத் தாண்ட மாட்டார்கள் என்பது அதற்குத் தெரிந்திருந்தது. நம் மாநில விலங்கை அவ்வளவு அருகில் நான் பார்த்தது அந்தச் சாலையில்தான்; தடமில்லாத இடங்களில் வருடக் கணக்கில் அலைந்தும் தூரத்துப் புள்ளியாக மட்டுமே கண்டிருக்கிறேன்.

குரங்கணியை இங்கே சொல்லாமல் போக முடியாது. 2018 மார்ச் 11 அன்று அந்தக் காய்ந்த புல்வெளியில் பரவிய தீ 23 உயிர்களைக் கொண்டுபோனது. அனுமதியில்லாத வழி, தீக்காலம், இடுப்பளவு உயரப் புல். அதற்குப் பிறகு மலையேற்றத்துக்கான விதிகள் வந்தன. 2024 அக்டோபரில் வனத்துறை 40 பாதைகளை அறிவித்து, இணையத்தில் பதிவு செய்து, காட்டை ஒட்டி வாழும் ஊர்களையும் பழங்குடிக் குடியிருப்புகளையும் சேர்ந்த வழிகாட்டிகளோடு போகும்படி ஏற்பாடு செய்திருக்கிறது. கட்டணம் மாணவர்களுக்கு அதிகம் என்பதே என் கருத்து, குறைக்க வேண்டும். ஆனால் இந்த நாற்பதைத் தவிர மற்ற இடங்களில் ஏறாதே என்பதை முன்புபோல் அதிகாரத்தின் குரலாக நான் கேட்பதில்லை. "மாட்டுத் தடத்திலேயே வாருங்கள், தம்பி" என்பதைத்தான் கேட்கிறேன்.

கடந்த ஜனவரியில் புல்வெளிக்குப் போனேன். இப்போது வருடத்துக்கு இரண்டு முறை போகிறேன், கல் சுமக்க. ஊர்க்காரர்கள் கூடிப் பேசி, பழைய மாட்டுத் தடத்தை மட்டும் வழியாக வைத்துக்கொண்டு, மற்ற ஏழின் வாயிலும் சீகை மரத்தின் காய்ந்த கிளைகளை வெட்டிப் போட்டு அடைத்திருக்கிறார்கள். வாட்டில் என்று சொல்லப்படும் இந்தச் சீகை வெளியிலிருந்து வந்து நம் புல்வெளிகளைத் தின்றுகொண்டிருக்கும் மரம். கிளறிய மண் கிடைத்தால் உடனே முளைத்துவிடும். அதனால் விதை உதிராத கிளைகளாகப் பார்த்துப் போட வேண்டும், முளைத்த கன்றுகளை வேரோடு பிடுங்க வேண்டும். அன்று காலை எனக்கு அந்த வேலைதான். நடுத் தடத்தில் பேரன் பதித்த கற்களுக்குப் பின்னால் மழை கொண்டுவந்த மண் தேங்கி, படிக்கட்டுப் போலத் தட்டுத் தட்டாக உயர்ந்திருந்தது. மேல் தட்டுகள் இரண்டில் புல் பிடித்துவிட்டது. ஓரத்துத் தடங்கள் நான்கில் கிளைகளுக்கு அடியில் சாண் உயரத்துக்குப் புது நாற்று வந்திருக்கிறது. மதியம் கைப்பேசியில் ஒரு செய்தி வந்தது. மதுரையிலிருந்து ஒரு கல்லூரி மாணவர்; என் பழைய படம் எங்கோ அவருக்குக் கிடைத்திருக்கிறது; சார், இந்த இடம் எங்கே, நாங்கள் எட்டுப் பேர், குப்பை போட மாட்டோம் என்று எழுதியிருந்தார். குரங்கணிப் பக்கம் வனத்துறைப் பாதை இருக்கிறது, தீக்காலம் முடிந்து திறந்ததும் முன்பதிவு செய்துகொண்டு போங்கள், வழிகாட்டி சொல்கிற தடத்தை விட்டு இறங்காதீர்கள் என்று பதில் எழுதினேன். பிறகு பாட்டிலில் மிச்சமிருந்த தண்ணீரை எடுத்துக்கொண்டு ஏழாவது தடத்துக்குப் போய் ஊற்றிப் பார்த்தேன். முன்பைப் போல ஓடவில்லை, ஆனால் உடனே மறையவும் இல்லை. கொஞ்ச நேரம் தேங்கி நின்றது.